பெயிண்டர் சந்தில் நான் செத்துப்போன கதை

பெரம்பலூர்,
8.7.2025

மதிப்பிற்குரிய ஆர்ட்டிஸ்ட் தங்கசாமி அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிற்றுக்கிழமை அரியலூர் பெயிண்டர் சந்தில் நடந்த மரபு நடைக்கு நானும் வந்திருந்தேன். என்னோடு அங்கன்வாடியில் வேலை பார்க்கும் நந்தினி போனில் அறிவிப்பைக் காட்டி, "டீச்சர், பழைய ஓவியர்லாம் குடியிருந்த தெருவாம். சுத்திக் காட்டி, கதை சொல்லி, இட்லியும் குடுக்குறாங்களாம். போயிட்டு வரலாம் வாங்க" என்று கூப்பிட்டாள். அந்தச் சந்தில்தான் நான் பிறந்தேன் என்று அவளுக்குத் தெரியாது. நானும் சொல்லவில்லை.

கண்புரை ஆபரேஷன் செய்து மூன்று வாரம்தான் ஆகிறது. கறுப்புக் கண்ணாடி, தொப்பி, குடை என்று முழு வேஷத்தில் முப்பது பேருக்கு நடுவில் நின்றேன். நடையை நடத்திய ரஞ்சித்குமார் சார் கல்லூரியில் வரலாறு சொல்லித் தருகிறவராம். ஒரு காலத்தில் இந்த ஒரே சந்தில் பதினேழு ஓவியர்கள் இருந்ததையும், சுற்று வட்டாரத்தில் எந்தத் தியேட்டரில் படம் மாறினாலும் பேனர் இங்கிருந்துதான் போகும் என்பதையும் அழகாகச் சொன்னார். நம் வீட்டுக் கொல்லைச் சுவரைக் காட்டி, "இத யாரும் வரையல. காலம் வரைஞ்சது" என்றார். எல்லோரும் போட்டோ எடுத்தார்கள். அது நாம் பிரஷ் துடைத்த சுவர். துடைக்கத் துணி கேட்டால் அப்பா சுவரைக் காட்டுவார்.

அதுவரை சிரிப்பாகத்தான் இருந்தது. பிறகு வாசலுக்குக் கூட்டி வந்து, உள்ளே மாலை போட்டு மாட்டியிருந்த படத்தைக் காட்டினார். "இவங்க ஆர்ட்டிஸ்டோட தங்கச்சி வேம்பு. பேனர்ல இருக்கிற முகங்களுக்குக் கண்ணு மட்டும் வரைவாங்க. எண்பத்தெட்டுல, இருபது வயசுல, விஷக் காய்ச்சல்ல இறந்துட்டாங்க" என்றார். எனக்குப் பக்கத்தில் நின்ற, திருமானூரிலிருந்து வந்த ஒரு அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னிடம், "பாவம், பச்சப் புள்ள, இல்லீங்க?" என்று கேட்டார். "ஆமாங்க" என்று சொன்னேன். வேறு என்ன சொல்வது?

நீங்கள் வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தீர்கள். அவர் சொல்லச் சொல்லத் தலையாட்டினீர்கள். மூன்று முறை ஆட்டினீர்கள், எண்ணினேன்.

படத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஜடை சரி, தோடு சரி. கண்தான் தரையைப் பார்க்கிறது. "ரொம்ப கூச்ச சுபாவமாம்" என்றார் சார். நானா? உங்களுக்கு எந்தக் காலத்திலும் கண் வரைய வராது. அதனால் இமையைக் கவிழ்த்துத் தப்பித்துக்கொண்டீர்கள்.

ஒரே ஒரு கேள்வி. எனக்கு வந்தது என்ன காய்ச்சல்?

இப்படிக்கு,
காலமான வேம்பு

•

அரியலூர்,
14.7.2025

வேம்பு,

உன் கடிதம் வந்தது. உன் அண்ணி பஞ்சவர்ணம் பிரித்துப் பார்த்துவிட்டுக் கையில் கொடுத்தாள். கொடுத்துவிட்டு அடுப்படிக்குப் போய் அழுதாள்.

எனக்கு ஆறு வருஷமாகக் காது கேட்பதில்லை. வலது காது சுத்தம், இடது காதில் மிஷின் வைத்தாலும் இரைச்சல்தான். போன் பேசுவதையே விட்டுவிட்டேன். அந்தப் புரொபசர் மாதம் ஒரு தடவை ஆட்களைக் கூட்டிக்கொண்டு வருகிறார். நத்தைக் கல், சங்குக் கல் என்று அரியலூரில் கல்லாய்ப் போன பழங்காலக் கடல் பிராணிகளைப் பார்க்க வருகிறவர்கள், அப்படியே என்னையும் பார்த்துவிட்டுப் போகிறார்கள். அவர் என்ன சொல்கிறார் என்று எனக்கு என்ன தெரியும்? ஜனங்கள் என்னைப் பார்த்தால் தலையாட்டுவேன். அவ்வளவுதான்.

நீ கேள்வி கேட்கிறாய். எனக்கும் கேட்கத் தெரியும். நீ போனது புதன்கிழமை. வெள்ளிக்கிழமை புதுப் படம். ஆறு பேனர் கண் இல்லாமல் கிடந்தது. உன்னைத் தேடி அப்பா ஒரு பக்கம், நான் ஒரு பக்கம் அலைந்துவிட்டு வந்து, வியாழக்கிழமை பூராவும் நானே உட்கார்ந்து கண் வைத்தேன். மறுநாள் தியேட்டர் வாசலில் ஏற்றிய பிறகுதான் தெரிந்தது. ஹீரோவின் ஒரு கண் டிக்கெட் கவுன்டரைப் பார்க்கிறது, ஒரு கண் சைக்கிள் ஸ்டாண்டைப் பார்க்கிறது. டவுனே சிரித்தது. மத்தியானத்துக்குள் இறக்கிவிட்டார்கள். அந்தத் தியேட்டர் வேலை அதோடு போயிற்று. அப்பா அதற்குப் பிறகு சாரம் ஏறவே இல்லை.

இரண்டு நாள் பொறுத்துப் போயிருக்கக் கூடாதா?

தங்கசாமி

•

பெரம்பலூர்,
18.7.2025

அண்ணனுக்கு,

மரியாதையாக எழுத ஆரம்பித்தேன். உன் கடிதத்தைப் படித்த பிறகு முடியவில்லை. நீ என்றே எழுதுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை டீக்கடை செல்லக்கண்ணு உன் முதுகுக்குப் பின்னால் நின்று, "தங்கசாமிண்ணே, சக்கர போடலாமா?" என்று கேட்டார். "அரை" என்று திரும்பாமலே சொன்னாய். கேட்காத காதுக்குச் சர்க்கரை மட்டும் கேட்குமா?

இரண்டு நாள் பொறுக்கவில்லை என்கிறாய். வியாழக்கிழமை மீன்சுருட்டியிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் பூ வைக்க வருகிறார்கள் என்பது உனக்குத் தெரியாதா? உனக்குத் தெரியும், அப்பாவுக்குத் தெரியும், சந்து முழுக்கத் தெரியும். எனக்குத்தான் புதன்கிழமை காலையில் சொன்னீர்கள், புடவையைக் கையில் கொடுத்து. நான் ஓடிப்போகவில்லை. பஸ்ஸில் போனேன், டிக்கெட் எடுத்து. பெரம்பலூரில் ஸ்டூடியோ வேலை பார்த்துக்கொண்டிருந்த ஜெயசீலன் பஸ் ஸ்டாண்டில் நின்றார். சர்ச்சில் கல்யாணம். மச்சான் முறைக்கு நிற்கவேண்டிய நீ வரவில்லை. மூன்றாம் நாள் அப்பா எனக்குத் தலை முழுகினார் என்று கேள்விப்பட்டேன். அதைக்கூட மறந்துவிட்டேன். அந்தக் காலத்துக் கோபம், அந்தக் காலத்து மனிதர், அவரும் இப்போது இல்லை.

எனக்கு அந்தச் சந்து பிடிக்கும், அண்ணே. பேனரைத் தரையில் விரித்துப் போட்டு, கதாநாயகனின் கன்னத்தின் மேல் சம்மணமிட்டு உட்கார்ந்து, கட்டில் அகலத்துக்கு ஒரு கண் வரைவேனே, அதைப்போல ஒரு சந்தோஷம் பிறகு எனக்குக் கிடைக்கவில்லை. அம்மா என் தலையில் ஒட்டின பெயிண்டை மண்ணெண்ணெய் போட்டுத் துடைத்துக்கொண்டே திட்டுவாள். மண்ணெண்ணெய் வாசனை எங்கே அடித்தாலும் எனக்கு அம்மா ஞாபகம்தான் வரும்.

அந்த அம்மா செத்துப்போனதை எனக்குச் சொன்னாயா? 2009இல் பதினாறாம் நாள் காரியமெல்லாம் முடிந்த பிறகு, பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்த ஒரு பொம்பளை பேச்சுவாக்கில் சொல்லித் தெரிந்துகொண்டேன். அரியலூருக்கும் பெரம்பலூருக்கும் ஒரு மணி நேரம்தான் அண்ணே.

பழையதெல்லாம் போகட்டும். எனக்கு ஒன்று வேண்டும். அடுத்த நடை ஆகஸ்ட் மூன்றாம் தேதி என்று நந்தினி சொன்னாள். அன்றைக்கு அந்தச் சந்தில், அத்தனை பேர் முன்னால், நான் சாகவில்லை என்று உன் வாயால் சொல்ல வேண்டும். புரொபசர் சொல்லக் கூடாது. நீதான்.

வேம்பு

•

அரியலூர்,
25.7.2025

வேம்பு,

இடது காது கொஞ்சம் கேட்கும். பொய் சொன்னேன்.

காய்ச்சல் கதை புரொபசர் கட்டியதில்லை. நான் சொன்னது. போன வருஷம் அவர் நோட்டுப் புத்தகத்தோடு வந்து எல்லாவற்றையும் விசாரித்தார். படத்தைப் பெரிதாக்கக் கட்டம் போடுவது எப்படி, சதை நிறம் எப்படிக் கலப்பது, எலெக்ஷனுக்கு எத்தனை சுவர் எழுதுவோம் என்று கேட்டார். கடைசியில் படத்தைக் காட்டி, "இவங்க யாரு?" என்றார். தங்கச்சி என்றேன். "என்ன ஆச்சு?" என்றார். ஓடிப்போய்விட்டாள் என்று உன்னைப் பற்றி ஒரு அந்நிய மனிதரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. செத்துப்போய்விட்டாள் என்று வந்துவிட்டது. எது கேவலம் என்று அந்த நேரத்தில் எனக்குத் தெரியவில்லை. இப்போது தெரிகிறது.

படத்தைப் பற்றி எழுதியிருந்தாய். அதை எனக்குக் கண் வரையத் தெரியாமல் கவிழ்த்ததாக நினைத்தாயே, அதுதான் ராத்திரியும் பகலும் உறுத்துகிறது.

நம் சந்தின் வழக்கம் உனக்கு மறந்துவிட்டதா? செத்தவர்கள் படம் எழுதக் கொடுத்தால் கண் நேராகப் பார்க்க வேண்டும். "வூட்ல எந்த மூலையில நின்னாலும் அவுங்க நம்மளப் பாக்கணும். அதுக்குத்தான்டா காசு குடுக்கறாங்க" என்று அப்பா சொல்வார். போட்டோவில் பக்கவாட்டில் பார்த்தால்கூட நாம் நேராகத் திருப்பித்தான் வரைவோம். பக்கம் பார்ப்பதும் கீழே பார்ப்பதும் உயிரோடு இருக்கிறவர்களுக்கு. கல்யாணப் படம், காதுகுத்துப் படம் எல்லாம் அப்படித்தான்.

அப்பா தலை முழுகிவிட்டு ஈரத் துண்டோடு வந்து, "அவளுக்குப் படம் எழுது" என்றார். மாட்டேன் என்று சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. எழுதினேன். கண்ணை மட்டும் கீழே இறக்கினேன். எழுதி முடித்துக் கொண்டுபோய்க் கொடுத்தேன். அப்பா ரொம்ப நேரம் பார்த்தார். அவருக்குத் தெரியாதா? இந்தச் சந்துக்கே சொல்லிக் கொடுத்தவர். ஆணியை அவரே அடித்து அவரே மாட்டினார்.

மாலையும் பொட்டும் அம்மா செத்த பிறகு, அவள் படத்துக்குப் போடும்போது யாரோ உனக்கும் சேர்த்துப் போட்டார்கள். நான் எடுக்கவில்லை. அது என் சோம்பேறித்தனம், கோழைத்தனம், எப்படி வேண்டுமானாலும் சொல்.

அம்மா விஷயம். அன்றைக்குக் காலையில் நான் பெரம்பலூர் வந்தேன். உன் அங்கன்வாடி வாசல்வரைக்கும் வந்தேன். நீ உள்ளே பிள்ளைகளுக்கு ஏதோ பாட்டுச் சொல்லிக்கொடுத்துச் சிரித்துக்கொண்டிருந்தாய். இருபத்தோரு வருஷம் கழித்து வந்து நான் சொல்லப்போகிற முதல் வார்த்தை இதுவா என்று நின்றேன். கேட்டைத் தொட்டேன். திரும்பிவிட்டேன். நாலு மணிக்கு எடுத்தோம்.

என் தப்புதான்.

தங்கசாமி

•

பெரம்பலூர்,
29.7.2025

அண்ணே,

கடிதத்தை அவரிடம் படிக்கக் கொடுத்தேன். படித்துவிட்டு, "ஒங்கண்ணன் கேட்டு வரைக்கும் வந்திருக்காருடி" என்று மட்டும் சொன்னார். நான் அன்றைக்குச் சமைக்கவில்லை. கடையில் பரோட்டா வாங்கி வந்தார்.

படத்து வழக்கம் எனக்கு எப்படி மறந்தது என்று தெரியவில்லை. அப்பா ஆணி அடித்ததை நினைத்து நினைத்து அழுதேன். அவருக்காக நான் அழுதது அதுதான் முதல் தடவை.

ஆனால் அம்மாவை நான் பார்க்கவில்லை. கேட்டைத் தொட்டுவிட்டுப் போனாயே, அதை என்னால் மன்னிக்க முடியாது. மன்னித்துவிட்டேன் என்று எழுதினால் அது பொய்.

மூன்றாம் தேதி நான் வரமாட்டேன். என்னைப் பார்த்துச் சொல்வது சுலபம். நான் இல்லாதபோது சொல். சொன்னாயா இல்லையா என்று எழுது.

வேம்பு

•

அரியலூர்,
5.8.2025

வேம்பு,

சொல்லிவிட்டேன்.

காலையிலிருந்து வாசலுக்கும் கொல்லைக்கும் நடந்துகொண்டே இருந்தேன். அம்பது அடி பேனர் ஏற்றிய நாளில்கூட அப்படி இல்லை. நாற்பது பேருக்கு மேல் வந்திருந்தார்கள். காலேஜ் பிள்ளைகள், சிறுவாச்சூரிலிருந்து ஒரு குடும்பம், யாரோ ஒரு ரிட்டயர்டு தாசில்தார். புரொபசர் வழக்கம்போல வாசலுக்கு வந்து, "இவங்க ஆர்ட்டிஸ்டோட தங்கச்சி வேம்பு..." என்று ஆரம்பித்தார். நான் எழுந்தேன். "சார், கொஞ்சம் நிறுத்துங்க" என்றேன். காது கேட்காதவன் சத்தம் எப்படி இருக்கும்? சந்தின் அந்தக் கோடியில் செல்லக்கண்ணு பாலைப் பொங்கவிட்டுவிட்டான்.

"எந்தங்கச்சி சாவல. நாந்தான் பொய் சொன்னேன். அவளுக்குப் புடிச்சவரக் கட்டிக்கிட்டு பெரம்பலூர்ல இருக்கா. அங்கன்வாடி டீச்சர். நாங்கதான் அவளக் கொன்னுட்டோம்" என்றேன். உள்ளே போய் மாலையைக் கழற்றினேன். கண்ணாடியில் இருந்த பொட்டை அண்ணி தண்ணீர் தொட்டுத் துடைத்தாள். பதினாறு வருஷப் பொட்டு, லேசில் போகவில்லை. நகத்தால் சுரண்டினாள்.

தாசில்தார்தான், "அப்ப அந்தப் பேனர் கண்ணெல்லாம் வரைஞ்சவங்க இருக்காங்களா? பாக்கலாமா?" என்று கேட்டார். புரொபசருக்கு என் மேல் வருத்தம். "ஐயா, முன்னாடியே சொல்லியிருக்கலாமே, எவ்வளவு பேர்கிட்ட சொல்லிட்டேன்" என்றார். நியாயம்தான். அவரிடமும் மன்னிப்புக் கேட்டேன்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். இனிமேல் உன்னிடம் எதையும் மறைக்கப் போவதில்லை. போன மாதம் நீ வந்தபோதே எனக்குத் தெரிந்துவிட்டது. தொப்பியும் கண்ணாடியும் போட்டால் ஆயிற்றா? பழைய பேனர் துண்டு ஒன்றை விரித்துக் காட்டியபோது, கையை நீட்டி, கட்டை விரலை நிமிர்த்தி, ஒரு கண்ணை மூடி அளந்தாய். பார்க்க வந்தவர்கள் எவரும் அப்படி அளக்க மாட்டார்கள். புரொபசர் உன் சாவைச் சொன்னபோது நான் உன்னையேதான் பார்த்துக்கொண்டிருந்தேன். இப்போது கத்துவாள், இப்போது கண்ணாடியைக் கழற்றி என்னை நாலு கேட்பாள் என்று காத்திருந்தேன். நீ அந்த அம்மாவிடம் ஏதோ சொல்லிவிட்டுக் குடையைச் சாய்த்து முகத்தை மறைத்துக்கொண்டாய். சரி, என்னிடம் உயிரோடு இருக்க இவளுக்கு விருப்பம் இல்லை என்று நினைத்தேன். தலையாட்டினேன் என்றாயே, அது சரி சரி என்று எனக்கு நானே ஆட்டிக்கொண்டது.

செப்டம்பர் ஏழாம் தேதி வா. மாப்பிள்ளையையும் கூட்டி வா. புரொபசர் உன்னையே பேசச் சொல்கிறார். மன்னிக்க வேண்டாம். திட்டுவதாக இருந்தாலும் நேரில் வந்து இடது பக்கம் நின்று திட்டு.

அண்ணன்
தங்கசாமி

•

பெரம்பலூர்,
8.9.2025

அன்புள்ள அண்ணனுக்கு,

நேற்று அவ்வளவு பேசிய பிறகு எழுத என்ன இருக்கிறது என்று அவர் கேலி செய்கிறார். புரொபசர் அந்த ஸ்பீக்கரை என் கழுத்தில் மாட்டியதிலிருந்து நான் வாயை மூடவே இல்லையாம். நந்தினி எல்லாவற்றையும் போனில் படம் பிடித்து வைத்திருக்கிறாள். பிரஷ் துடைத்த சுவரைப் பற்றிய உண்மையைச் சொன்னதும் எல்லோரும் சிரித்தார்களே, ரஞ்சித்குமார் சார் முகத்தைத்தான் பார்க்க முடியவில்லை. இருந்தாலும் நோட்டில் எழுதிக்கொண்டார்.

அண்ணியின் மீன்குழம்பை டப்பாவில் கொண்டுவந்தோமே, இன்று காலையில் இட்லிக்குத் தொட்டுக்கொண்டு இரண்டு பேரும் காலி செய்துவிட்டோம். அண்ணியை இங்கே ஒரு வாரம் அனுப்பி வை. அம்மா படத்துக்கு முன்னால் நான் நின்றபோது நீ வெளியே போய்விட்டாய். அங்கே என்ன பேசினேன் என்று உனக்குச் சொல்ல மாட்டேன். அந்தக் கோபம் இன்னும் அப்படியே இருக்கிறது, தெரிந்துகொள். ஆனால் கோபத்தோடேயே வந்து போகலாம் என்று நேற்றுத் தெரிந்தது.

பஸ் கிளம்பும்போது நீ ஜன்னலைப் பிடித்துக்கொண்டு கூடவே நாலு எட்டு நடந்து வந்து, "போய்ச் சேந்ததும் ஒரு கடுதாசி போடு, போன்ல எனக்கு வெளங்காது" என்று சொன்னாய். கண்டக்டர் கையை எடுக்கச் சொல்லித் திட்டினார். உன் மாப்பிள்ளைகூடச் சிரித்தார், "ஒரு மணி நேரப் பயணத்துக்குக் கடுதாசியா" என்று. நான் சிரிக்கவில்லை. அன்றைக்கு ஒரு புதன்கிழமை அதே அரியலூரில் பஸ் ஏறி இதே ஊரில் இறங்கினேன். போய்ச் சேர்ந்தேனா, எங்கே இறங்கினேன், இருட்டுவதற்குள் யார் வீட்டுக்குப் போனேன் என்று முப்பத்தேழு வருஷமாக என்னை ஒருவரும் கேட்கவில்லை அண்ணே.

நல்லபடியாக வந்து சேர்ந்தேன்.

உன் தங்கச்சி
வேம்பு